புல் எனக்கு, வேர் உனக்கு

வேல்ஸ் நாட்டு மலைகளில் காட்டு ஆடுகள் அரசாண்ட காலம் அது. மலைக்குக் கிழக்கே சமவெளி. அங்கே பெரிய ஓக் மரக் காடு. அந்தக் காட்டில் பன்றிகளின் அரசு. இரண்டுக்கும் நடுவே நீளமாக ஒரு மண்கரை கிடந்தது. அதை யார் போட்டார்கள் என்று ஆடுகளுக்கும் தெரியாது, பன்றிகளுக்கும் தெரியாது. கரைக்கு இந்தப் பக்கம் எங்களுடையது, அந்தப் பக்கம் உங்களுடையது என்று இரண்டு கூட்டமும் சொல்லிக்கொள்ளும். சொல்வதோடு சரி. ஆடுகள் சமயம் பார்த்துக் கரை தாண்டிப் போய் மேய்ந்துவிட்டு வரும். பன்றிகளும் சமயம் பார்த்து ஏறி வரும். இருவரும் நியாயம் பேசுவார்கள். இருவரும் திருடுவார்கள்.

ஆனாலும் பன்றிகளால் ஓடைவாயைத் தாண்ட முடிந்ததில்லை. மலைக்குள் நுழைய அது ஒன்றுதான் வழி. ஓடை அங்கே ஒடுங்கிப் பாயும். இரு கரையிலும் எதிரெதிராக இரண்டு பாறைகள் நிற்கும். ஆடுகளின் அரசன் இத்தேல் என்ற கிழட்டுக் கிடா, தன் மூத்த மகன் கேத்தினை ஒரு பாறையிலும் இளையவன் மெய்லிரை மறு பாறையிலும் நிறுத்துவான். பன்றிகள் உள்ளே வந்ததும் இரண்டு பக்கமிருந்தும் கற்களை முட்டி உருட்டிவிடுவார்கள். ஒரு பாறையில் மட்டும் நின்றால் பயனில்லை. பன்றிகள் மறு கரையோரமாக ஒதுங்கி ஏறிவிடும். இரண்டு பாறையிலும் ஆள் இருக்கும்வரை பன்றிகளின் பாச்சா பலிக்கவில்லை.

இத்தேல் செத்துப்போனான்.

ஆடுகளிடம் ஒரு வழக்கம் உண்டு. தகப்பன் செத்தால் பிள்ளைகள் எல்லோருக்கும் மலையில் சம பங்கு. மூத்தவனுக்கே எல்லாம் என்ற பேச்சு அங்கே கிடையாது. இளையவன் பங்கு பிரிக்க வேண்டும். மூத்தவன் முதலில் எடுத்துக்கொள்ள வேண்டும். மிச்சம் இளையவனுக்கு. தனக்கு எது வரும் என்று தெரியாததால் பிரிப்பவன் ஏமாற்ற மாட்டான். நல்ல வழக்கம்தான். ஆனால் எதையெல்லாம் வெட்டலாம், எதை வெட்டக் கூடாது என்று அந்த வழக்கம் சொல்லவில்லை.

மெய்லிர் கோடைகாலத்தில் பங்கு பிரித்தான். மலை முழுக்கப் பச்சையாக இருந்தது. எல்லை எது என்று யோசித்தான். ஓடை கண்ணில் பட்டது. ஓடைக்கு வடக்கே உள்ள சரிவு ஒரு பங்கு, தெற்கே உள்ள சரிவு ஒரு பங்கு என்று பிரித்தான். கேத்தின் வடக்குச் சரிவை எடுத்துக்கொண்டான். ஆளுக்கொரு சரிவு, ஆளுக்கொரு பாறை. அண்ணன் தம்பி இருவரும் சிரித்துக்கொண்டே பிரிந்தார்கள்.

குளிர்காலம் வந்தது. அப்போதுதான் மெய்லிருக்குத் தான் செய்த காரியம் புரிந்தது. வடக்குச் சரிவில் பகலெல்லாம் வெயில் விழும். பனி நிற்காது. தெற்குச் சரிவு மலையின் நிழலிலேயே கிடக்கும். அங்கே விழும் பனி வசந்தம்வரை உருகாது. அப்பன் காலத்தில் மந்தை முழுவதும் குளிருக்கு வெயில் சரிவில்தான் ஒதுங்கும். அது யாருடைய பங்காகவும் இருந்ததில்லை. எல்லோருடையதாகவும் இருந்தது.

நிழல் சரிவில் புல் பனிக்கு அடியில் போய்விட்டது. தாய் ஆடுகளின் மடி வற்றியது. குட்டிகள் சாக ஆரம்பித்தன. மெய்லிரின் மனைவி நெஸ்தா தன் ஒரே குட்டி காடெலைத் தன் வயிற்றோடு அணைத்துக்கொண்டு படுத்திருந்தாள். அவன் விலா எலும்புகள் வெளியே தெரிந்தன.

மெய்லிர் ஓடைக்கரையில் நின்று அண்ணனைக் கூப்பிட்டான்.

"அண்ணே, புல்லுல பங்கு கேக்க வரல. பனி விலகுற வரைக்கும் குட்டிகளை மட்டும் உங்க பக்கம் விடுங்க."

"நீதானேடா பிரிச்ச? நான் எடுத்துக்கிட்டேன். வழக்கம் அப்படித்தானே?"

"வழக்கம் சரிண்ணே. குட்டிங்க சாகுதே."

கேத்தின் வெயிலில் மேயும் தன் மந்தையைத் திரும்பிப் பார்த்தான். "இன்னிக்குக் குட்டி வரும். நாளைக்குத் தாய் வரும். அப்புறம் பங்குன்னு ஒண்ணு எதுக்கு?" என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் போனான். அவன் கெட்டவன் இல்லை. தன் மந்தைக்குப் போதாமல் போய்விடுமோ என்ற பயம் அவனுக்கு. ஆனால் பயத்தால் கதவை அடைப்பவனும் கதவை அடைப்பவன்தான். அன்று அவன் வாயைத் திறந்து சரி என்று சொல்லியிருந்தால் இந்தக் கதையே இல்லை. எனக்கு அவன்மேல் கோபம் உண்டு.

மெய்லிருக்கும் ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. நேராக ஓடைவாய் வழியே இறங்கினான். மண்கரையைத் தாண்டினான். பன்றி அரசன் வாரின் முன்னால் போய் நின்றான்.

வாரின் அவனை உட்காரவைத்து உபசரித்தான். அண்ணன் செய்தது பெரிய அநியாயம் என்றான். இத்தேல் எப்பேர்ப்பட்ட வீரன், அவன் பிள்ளைக்கா இந்தக் கதி என்று பெருமூச்சு விட்டான். அந்த இத்தேல் உருட்டிய கல்லில்தான் வாரினின் ஒரு கோரைப்பல் உடைந்திருந்தது. அதைப் பற்றி அவன் ஒரு வார்த்தை பேசவில்லை.

"நீங்க உங்க பாறையைக் காலியா விட்டாப் போதும், ராஜா. மிச்சத்தை நாங்க பாத்துக்கறோம். வெயில் சரிவு உங்களுக்கு வந்துடும்" என்றான்.

"பதிலுக்கு உங்களுக்கு என்ன வேணும்?"

"நாங்க என்ன, புல்லா திங்கறோம்? மண்ணுக்கு மேல இருக்கறது எல்லாம் உங்களுக்கு. மண்ணுக்குக் கீழ இருக்கறது மட்டும் எங்களுக்கு."

மெய்லிருக்கு இதைவிட மலிவான பேரம் இருக்க முடியாது என்று தோன்றியது. ஆடு மண்ணுக்கு மேலே வருவதைக் கடிக்கும். கீழே என்ன இருக்கிறது என்று அதன் பரம்பரையில் யாரும் பார்த்ததில்லை. உடனே சரி என்றான்.

வாரின் இன்னொன்றும் கேட்டான். இரண்டு நாட்டுக்கும் நடுவே நம்பிக்கை வேண்டும் அல்லவா? காடெலைத் தன்னிடம் விட்டால் தன் குட்டிகளோடு சேர்த்து வளர்ப்பதாகச் சொன்னான். இங்கே பனி இல்லை, பசி இல்லை என்றான். எல்லை ராஜ்ஜியங்களில் இது புதிதல்ல. பிணையாகப் போன பிள்ளைகளை அங்கே விருந்தாளி என்றுதான் சொல்வார்கள். மெய்லிர் அதற்கும் தலையாட்டினான்.

நெஸ்தா இதைக் கேட்டதும் எழுந்து நின்றாள்.

"புல்லு வாங்கப் போயி புள்ளையைக் குடுத்துட்டு வந்திருக்கீங்க."

"இங்க இருந்தா அவன் இந்த மாசம் தாண்ட மாட்டான், நெஸ்தா. அங்க உயிரோட இருப்பான்."

அவள் காடெலின் விலா எலும்பைப் பார்த்தாள். அவனை நக்கிக் கொடுத்து அனுப்பிவைத்தாள்.

பன்றிகள் வந்தன. கேத்தின் தன் பாறையிலிருந்து கற்களை உருட்டினான். பன்றிகள் எதிர்க்கரைக்கு ஒதுங்கின. அந்தப் பாறையில் யாரும் இல்லை. கேத்தின் தம்பியின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டே இருந்தான். பிறகு நிறுத்திவிட்டான். அன்று மாலைக்குள் அவனும் அவன் மந்தையும் புல் முளைக்காத உச்சிப் பாறைகளுக்கு விரட்டப்பட்டார்கள்.

மெய்லிர் வெயில் சரிவுக்குக் குடிவந்தான். மந்தை வயிறு நிறைய மேய்ந்தது. மெய்லிர் தலை நிமிர்ந்து நடந்தான்.

பன்றிகளும் வேலையைத் தொடங்கின. இரண்டு சரிவிலும் மூக்கை மண்ணில் நுழைத்துக் கிளறின. கிழங்கைத் தின்றன. வேரைத் தின்றன. கிளறிய மண்ணை ஓடைவாயில் குவித்து உயரமான மேடு போட்டு அதன்மேல் படுத்துக்கொண்டன. வசந்தம் வந்தது. பனி உருகியது. ஆனால் எந்தச் சரிவிலும் புல் வரவில்லை. எங்கு பார்த்தாலும் கறுப்பு மண்.

மெய்லிர் மேட்டடிக்குப் போய் வாரினைக் கூப்பிட்டான். புல்லைக் காணோம் என்றான்.

"புல்லை நாங்க தொடவே இல்லையே" என்றான் வாரின். "வேரைத்தான் எடுத்தோம். நீதானே குடுத்த?"

மெய்லிர் பேச வாயெடுத்தான். வேருக்கும் புல்லுக்கும் உள்ள உறவு அப்போதுதான் அவன் மண்டையில் உறைத்தது.

"என் பையனைத் திருப்பிக் குடு. நாங்க போயிடறோம்."

"அவனுக்கு என்ன, சௌக்கியமா இருக்கான். ஓக் கொட்டைன்னா அவனுக்கு உசிரு. நீ சத்தம் போடாம இருக்கற வரைக்கும் அவனுக்கு ஒரு குறையும் வராது."

முன்பு ராஜா என்று கூப்பிட்டவன் இப்போது நீ என்கிறான். மெய்லிர் திரும்பி நடந்தான். உச்சிப் பாறைக்கு ஏறினான். அங்கே கேத்தின் பாறை இடுக்கில் பாசியைச் சுரண்டித் தின்றுகொண்டிருந்தான். பாதி மந்தைகூட மிச்சம் இல்லை. தம்பியைக் கண்டதும் கொம்பைத் தாழ்த்தினான். மெய்லிர் தன் கொம்பைத் தாழ்த்தவில்லை. முட்டினால் முட்டட்டும் என்று அப்படியே நின்றான்.

கேத்தின் முட்டவில்லை. "உன் குட்டிங்க எப்படி இருக்கு?" என்று கேட்டான். கேட்க வேண்டிய நாளில் கேட்காத கேள்வி அது. மெய்லிர் அழுதான். அண்ணனும் அழுதான்.

மெய்லிரின் மந்தையும் உச்சிக்கு வந்து சேர்ந்தது. இருவரும் கோடை முழுதும் காத்திருந்தார்கள். இலையுதிர்காலத்தில் ஓக் கொட்டைகள் உதிரும். அப்போது பன்றிக்குச் சொந்தக் காட்டைவிட எதுவும் பெரிதில்லை. எதிர்பார்த்தபடியே ஒரு பன்றி விடாமல் இறங்கிப் போயின. அண்ணனும் தம்பியும் மந்தையோடு கீழே வந்தார்கள். மண்மேட்டைக் காலால் உதைத்துக் கலைத்தார்கள். இரண்டு பாறையிலும் கற்களை அடுக்கினார்கள். வடக்குப் பாறையில் கேத்தின், தெற்குப் பாறையில் மெய்லிர். அப்பன் காலத்தில் நின்றது போலவே நின்றார்கள். ஓடைவாயைக் காத்துவிட்டால் போதும். கறுப்பு மண்ணில் மறுபடி புல் வரும். காடெலைப் பிறகு மீட்டுக்கொள்ளலாம் என்று எண்ணினார்கள்.

கொட்டைகள் தீர்ந்ததும் பன்றிகள் திரும்பி வந்தன. ஓடைவாயின் வெளியே கூட்டமாக நின்றன. பிறகு நடுவில் வழி விட்டன. அந்த வழியில் முதல் ஆளாக ஒரு குட்டிக் கிடா நடந்து வந்தான். உடம்பு நன்றாகத் தேறியிருந்தது. முகமெல்லாம் சேறு.

அவன் நிமிர்ந்து பார்த்தான்.

"அப்பா, உங்களைக் கீழ வரச் சொல்றாங்க, வாரின் மாமா."

காடெலுக்குப் பின்னாலேயே வாரின் வந்தான். அவன் பின்னால் கூட்டம் முழுவதும் வந்தது. இப்போது கல் உருண்டால் முதலில் காடெல்மேல்தான் விழும். மெய்லிரின் கொம்பு கல்லின்மேல் இருந்தது. அவன் எதிர்ப் பாறையில் அண்ணனைப் பார்த்தான்.

"அண்ணே, நீங்க சொல்லுங்க. நீங்க சொன்னா உருட்டிடறேன்."

கேத்தின் குட்டியைப் பார்த்தான். மந்தையைப் பார்த்தான்.

"ஒரு பிடி புல்லு கேட்டப்போ இவன் சாகட்டும்னு விட்டவன் நான். மறுபடியும் சாகட்டும்னு சொல்ல எனக்கு வாய் வரலடா."

கேத்தின் கல்லை விட்டுப் பின்வாங்கினான். மெய்லிரும் பின்வாங்கினான். பன்றிகள் அவசரமில்லாமல் உள்ளே நுழைந்தன. கல் இல்லாத ஆடு சமதரையில் பன்றிக்கு நிகரில்லை. மந்தை உச்சியை நோக்கி ஓடியது.

நெஸ்தா மட்டும் ஓடவில்லை. அவள் மெதுவாக இறங்கிப் போனாள். மெய்லிர் கூப்பிட்டான். "மலை உங்களுது, நீங்க வெட்டினீங்க. புள்ளை என்னுது" என்று சொல்லிவிட்டுப் பன்றிக் கூட்டத்துக்குள் போய்க் காடெலின் முகத்துச் சேற்றை நக்கத் தொடங்கினாள். அவன் கொஞ்ச நேரம் நின்றான். பிறகு விலகி, மற்றப் பன்றிக்குட்டிகளோடு சேர்ந்து மண்ணை முகர்ந்தான். நெஸ்தா அவன் பக்கத்திலேயே நின்றாள்.

அண்ணனும் தம்பியும் உச்சிப் பாறையில் அருகருகே படுத்துக்கொண்டார்கள். பங்கு போட அங்கே எதுவும் இல்லை.

உடன்பிறந்தவனின் பசிக்குக் கதவடைப்பவனும், அந்தக் கோபத்தில் பகைவனுக்குக் கதவு திறப்பவனும் சேர்ந்தேதான் வீட்டை இழப்பார்கள்.