டீக்கடை இழுக்குது

எடிட்டர் மைதிலியிடம் வேலை கற்றுக்கொள்ள வந்தபோதே அருளப்பனுக்குத் தலை நரைத்திருந்தது. குருவைவிடச் சீடருக்கு வயது அதிகம். சினிமாவில் இதெல்லாம் சகஜம்.

அவர் மனைவி ரெஜினா துணை நடிகை. கல்யாண வீட்டுக் கூட்டம், சந்தைக் கூட்டம், சாவு வீட்டுக் கூட்டம் என்று காலமெல்லாம் கூட்டத்தில் ஒரு முகமாகவே நின்றவள். கடைசிப் படத்தில்தான் வாய் திறக்க விட்டார்கள். டீக்கடைக்காரியாக வந்து, கதாநாயகனிடம் "சாப்பிட்டியா தம்பி?" என்று கேட்பாள். அவ்வளவுதான். அந்தப் படம் மைதிலியிடம் எடிட்டிங்குக்கு வருவதற்குள் மஞ்சள் காமாலை அவளைக் கொண்டுபோய்விட்டது.

அருளப்பனுக்கு மனசு கேட்கவில்லை. அவள் பேசி முடித்த பிறகும் முகத்தைத் திரையில் கொஞ்சம் நிற்கவிட்டார். மறுநாள் இன்னும் கொஞ்சம் நீட்டினார். பாவி மனுஷன், முதல் நாளோடு விட்டிருக்கலாம். டைரக்டர் வந்து பார்த்தார்.

"டீக்கடை இழுக்குது. மொத்தமா தூக்கிடுங்க" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

"நான் நீட்டினதாலதானே மேடம்? பழையபடி குறைச்சுடறேன். அவர்கிட்ட சொல்லிப் பாருங்க" என்றார் அருளப்பன்.

"சொல்லிப் பாத்துட்டேன்ணே. ஒரே பிடியா நிக்கிறார்."

"அவ இல்லாம அந்த இடம் ஒட்டாது மேடம். துண்டு துண்டாத் தெரியும்."

மைதிலி டீக்கடைக் காட்சியை வெட்டி எடுத்தார். முன்னதையும் பின்னதையும் சேர்த்தார். ஓடவிட்டார்.

அருளப்பன் கண்கொட்டாமல் பார்த்தார். எங்காவது ஒரு சின்ன உறுத்தல் வந்துவிடாதா என்று வேளாங்கண்ணி மாதாவை வேண்டிக்கொண்டார். கதாநாயகன் பஸ்ஸிலிருந்து இறங்கினான். தெருவில் நடந்தான். வீட்டுக் கதவைத் தட்டினான். இடையில் ஒருத்தி இருந்தாள் என்பதற்குச் சுவடே இல்லை.

"இன்னொரு தடவை போடுங்க மேடம்."

மைதிலி போட்டார். அவன் இறங்கினான், நடந்தான், தட்டினான்.

அருளப்பன் இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். ஆஸ்பத்திரியில்கூட அவர் இப்படி அழவில்லை.

"எங்கயும் உறுத்தலியே மேடம். ஒரு இடத்துலயாவது உறுத்தக் கூடாதா?"

மைதிலி சொன்னார்:

"உறுத்தியிருந்தா, நாமளே உக்காந்து சரி பண்ணியிருப்போம்ணே."