வாய் நிறையக் காற்று

அலையாத்திக் காட்டை ஒட்டி ஒரு சாமி இருந்தார். உபதேசம் கேட்க வந்தவர்களில் நிலைத்தவள் வைரக்கண்ணு ஒருத்திதான். மீன் விற்கிறவள். வயதில் சாமிக்கே அக்கா. கூடையை இறக்கி வைத்துவிட்டு முதலில் கும்பிடுவாள்.

அன்றைக்குக் கும்பிடவில்லை.

“சின்னவன் கிளம்புறான் சாமி, சாயங்கால பஸ்ஸுக்கு. ராய்ப்பூர் பக்கம் இரும்பு ஆலையாம். அங்கேயே இருந்துக்குறேங்கிறான்.”

“வழியனுப்பப் போகலையா?”

“மாட்டேன். கடல்கரையில பொறந்தவனுக்கு உப்புக்காத்து இல்லாத ஊரு எதுக்கு? நீங்க சொன்னா நிப்பான். ஒரு வார்த்தை சொல்லுங்க.”

சாமி எழுந்து வேட்டியை மடித்துக் கட்டினார். அவளுக்குக் கோபம் வந்துவிட்டது.

“உசுரெல்லாம் தண்ணிக்குள்ள இருந்துதான் கரையேறிச்சுன்னு நீங்கதானே சொன்னீங்க? முதல்ல ஏறினதை யாரு கூப்பிட்டா? அதுக்குப் பெத்தவங்கன்னு யாரும் இல்லையா?”

“வா,” என்றார் சாமி.

நீர் வற்றிய நேரம். முழங்கால் சேற்றில் இறங்கினார்கள். தண்ணீரை விட்டு ஏறிய சேற்றுமீன்கள் அங்கங்கே தத்திக்கொண்டிருந்தன.

“இதைக் காட்டவா கூட்டியாந்தீங்க? தின்னக்கூட ஆகாது இது.”

“அதோட வாயைப் பாரு.”

ஒரு மீன் கன்னம் உப்பலாக ஒரு வளைக்குள் போனது. கன்னம் ஒட்டி வெளியே வந்தது. வாயைத் திறந்து மூடிக்கொண்டு மறுபடியும் உள்ளே போனது.

“வளைக்குள்ள தண்ணி நிக்குது. அங்கதான் முட்டை. அந்தத் தண்ணியில மூச்சு கிடையாது. அதனால வெளிக்காத்தை அள்ளிட்டுப் போய் முட்டைகிட்ட விடுது.”

“தாய்தானே?”

“தகப்பன்.”

வைரக்கண்ணுக்குச் சிரிப்பு வந்தது. “ஆம்பளையா? எங்க வீட்டுல இருந்தது சோத்துத் தட்டைக்கூட நகர்த்தினதில்ல.”

மீன் போய்ப் போய் வந்தது. அவள் சிரிப்பு நின்றது.

“இது எப்பத்தான் திங்கும் சாமி?”

“வாய் நிறையக் காத்து. எப்படித் திங்கும்?”

சாமி கேட்டார். “பெரியவன் கடலோட போனானே, அப்ப சின்னவனை என்ன பண்ணினே?”

“வலையைத் தொடக் கூடாதுன்னேன். இருந்த வலையை எரிச்சேன். தஞ்சாவூர்ல தங்கச்சி வீட்டுல விட்டுப் படிக்க வெச்சேன். கூடை சுமந்து தலையில முடி தேஞ்சுபோச்சு. படகுல கால் வெச்சா என்னைப் பொணமாத்தான் பார்ப்பேடான்னு...”

வளையைப் பார்த்தபடி நின்றாள்.

“சாகக் கூடாதுன்னுதான் சாமி செஞ்சேன். போகட்டும்னு செய்யல.”

“அதுவும் அப்படித்தான் செய்யுது.”

கடல் தண்ணீர் ஓடைவழியாக ஏறத் தொடங்கியது. மீன் இன்னும் ஒரு வாய் அள்ளிக்கொண்டு இறங்கியது.

“குஞ்சு பொரிஞ்சு போறப்போ, அதைத் திரும்பிப் பார்க்குமா சாமி?”

“பார்க்காது,” என்றார். “உன் பிள்ளை பார்ப்பான். பஸ் நகர்றப்போ ஒரே ஒரு தரம். காலைக் கழுவிக்கிட்டு ஓடு.”