பாம்பைவிட வேகம்

"பாம்பைவிட வேகமாகோணுங்க. அதுக்கு ஒரு வழி சொல்லுங்கம்மா."

வந்ததும் வராததுமாகச் செங்கோடன் கேட்டது இதைத்தான். தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

மடத்தம்மா கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். தலையைத் தூக்கிப் பார்த்தாள்.

மடத்தைத் தேடி வந்த சிஷ்யன் என்றதும் மீசை முளைக்காத பையனை நினைத்துவிட வேண்டாம். செங்கோடனுக்கு அறுபது நெருங்குகிறது. காடு, மாடு, கட்டிக்கொடுத்த மகள் எல்லாம் உண்டு. மடத்தம்மாவுக்கு அந்த மகளின் வயதுதான் இருக்கும். மடம் என்றால் பெரிதாக ஒன்றுமில்லை. கரட்டுக் குன்றின் அடியில் ஓர் ஓட்டு வீடு, சாமி விளக்கு, வந்தவர்களுக்கு ஒரு வாய்க் கஞ்சி.

"வேகம் எதுக்குங்கய்யா?"

"ஒரு நாகத்தை அடிக்கோணும்."

"அது என்ன பண்ணுச்சு?"

"எம்பட பாவாயியைக் கொன்னு போட்டுச்சுங்க."

பாவாயி அவருடைய மனைவி. பெயரைச் சொல்லிவிட்டு அவர் வேறு பக்கம் பார்த்தார்.

மடத்தம்மா கீரையைக் கீழே வைத்தாள். இரண்டு கைகளையும் அகல விரித்தாள். பட்டென்று தட்டினாள்.

"கை சேர்ந்ததைப் பார்த்தீங்களா?"

"சத்தம்தான் கேட்டுச்சு."

"அது கொத்தறதும் அப்படித்தான். நாம பார்க்கறப்ப முடிஞ்சிருக்கும்."

"அப்ப மனுசனால ஆகாதுங்களா?"

"ஆகாது."

செங்கோடன் எழுந்து போகவில்லை. அங்கேயே உட்கார்ந்துவிட்டார். துக்கம் பிடித்த மனிதனிடம் 'ஆகாது' என்று சொல்லிப் பாருங்கள், அவன் காதில் அது விழவே விழாது.

அவர் மடத்திலேயே தங்கினார். காலையில் வேப்பமரத்தடியில் நின்று, விழுகிற பழத்தைத் தடியால் அடித்துப் பழகினார். பத்துக்கு ஒன்று படும். பட்டால் சின்னப் பிள்ளை மாதிரி திரும்பி மடத்தம்மாவைப் பார்ப்பார்.

அவள் வேறு வேலை கொடுத்தாள்.

கதவோரம் அடுக்கியிருந்த விறகை வீட்டைவிட்டுத் தள்ளிக் கொண்டுபோய் அடுக்கச் சொன்னாள். சுவர்ப் பொந்துகளை அடைக்கச் சொன்னாள். நடக்கும்போது காலைத் தரையில் அழுத்தி வைக்கச் சொன்னாள். இருட்டினால் டார்ச் லைட் இல்லாமல் வாசல் தாண்டக் கூடாது என்றாள்.

"அந்தத் தடியால தரையைத் தட்டிட்டு நடங்க. அது விலகிப் போயிரும்."

"விலகிப் போறதுக்கா நான் தடி வெச்சிருக்கேன்? இதெல்லாம் பயந்தாங்கொள்ளி வேலைங்கம்மா."

"ஆமாங்கய்யா. நான் பயந்தாங்கொள்ளிதான். அதனாலதான் இந்தக் கரட்டுல இத்தனை வருசம் உசிரோட இருக்கேன்."

அவர் சிரித்தார். மடத்துக்கு வந்த பிறகு அவர் சிரித்தது அன்று ஒருநாள்தான்.

ஒரு மத்தியானம், கஞ்சி குடித்து முடித்த பின் அவள் கேட்டாள்.

"அன்னைக்கு என்னதான் நடந்துச்சு?"

செங்கோடன் சொன்னார். அதுவரை யாரும் அவரை முழுதாகச் சொல்ல விட்டதில்லை. ஆளாளுக்கு நடுவில் அழுதுவிடுவார்கள்.

"அடுப்புக்கு விறகெடுக்கப் போனாள். கையில போட்டுருச்சு. ஐயோன்னாள். நான் ஓடியாந்தேன். வாலு மட்டும்தான் தெரிஞ்சுது. விறகுக்குள்ள பூந்துருச்சு."

"அப்புறம்?"

"விடுவனா? தடியை எடுத்துக்கிட்டேன். எங்க பக்கம் ஒண்ணு சொல்லுவாங்க. கடிச்ச பாம்பை அடிச்சுக் கொண்டாந்து கடிபட்டவங்க முன்னால போட்டாத்தான் விசம் இறங்கும்னு. பாவாயியும் அப்படிக் கேட்டு வளர்ந்தவள்தான். வாசப்படில உட்கார வெச்சுட்டு, விறகை ஒவ்வொண்ணா இழுத்துப் போட்டேன்."

"பாவாயி?"

"கூப்பிட்டுட்டே இருந்தாள். 'ஏனுங்க, இங்க வாங்க'ன்னு. 'இரு, பார்த்துட்டேன், விடமாட்டேன்'னு சொன்னேன். பால் வண்டி ஹாரன் அடிச்சுட்டு வாசலோட போச்சு. நான் திரும்பிக்கூடப் பார்க்கலீங்களே! கண்ணு அது மேலயேதான் இருந்துச்சு."

இதை அவர் ஒருவித கெத்தோடுதான் சொன்னார்.

"கொஞ்ச நேரத்துல அவள் சத்தம் நின்னுபோச்சு. சரி, வலி குறைஞ்சிருச்சாட்ட இருக்குதுன்னு நினைச்சேன். பாம்பு கல்லுக்கட்டுக்குள்ள பூந்து தப்பிச்சிருச்சு. திரும்பி வந்து பார்த்தா கண்ணு சொருகிக் கிடக்கறாள். நாக்கு குழறுது. வண்டி பிடிச்சுக் கொண்டுபோனோம். ஆஸ்பத்திரி வாசல்ல இறக்கறப்ப உசிரில்லைங்க."

செங்கோடன் தன் வலது கையை விரித்துப் பார்த்துக்கொண்டார்.

"கை மட்டும் கொஞ்சம் வேகமா இருந்திருந்தா, முதல் அடியிலயே அது விழுந்திருக்கும். அவளும் பொழைச்சிருப்பாள். அதுக்குத்தானுங்கம்மா கேக்கறேன்."

மடத்தம்மா வாயைத் திறந்தாள்.

எதிரே இருந்த மனிதரைப் பார்த்தாள். சட்டைப் பித்தானை மாற்றிப் போட்டிருந்தார். சரிசெய்துவிட வீட்டில் ஆள் இல்லை.

அவள் வாயை மூடிக்கொண்டாள். எழுந்து போய்ச் சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். உள்ளே போய்க் கொஞ்ச நேரம் அழுதாள்.

சில உண்மைகளை நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம் என்று தோன்றும். அவளுக்கும் அப்படித் தோன்றியது. இரக்கம்தான், குற்றம் சொல்வதற்கில்லை.

மறுநாள் அவள் சந்தைக்குப் போயிருந்தாள். மடத்துக்குப் பின்னால் ஒரு புற்று இருந்தது. வெள்ளிக்கிழமைகளில் பெண்கள் மஞ்சள் தூவிப் பால் ஊற்றுவார்கள். செங்கோடன் கடப்பாரை எடுத்து அதை இடித்துத் தரைமட்டமாக்கிவிட்டார்.

அவள் திரும்பி வந்து பார்த்தாள்.

"உள்ள ஒண்ணையும் காணோமுங்க," என்றார்.

"அதுக்குன்னு ஒரு இடம் இருந்துச்சு," என்றாள் அவள். "இனி அது எங்கேன்னு நமக்குத் தெரியாது."

சந்தைப் பையை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள்.

அன்று பொழுது சாய்கிற நேரம். துவைக்கிற கல்லுக்குப் பக்கத்தில் தென்னை மட்டைகள் கிடந்தன. அடுப்புக்கு ஒன்று வேண்டியிருந்தது. மடத்தம்மா எப்போதும் போலக் குச்சியால் தட்டினாள். காத்திருந்தாள். மறுபடி தட்டினாள். பிறகுதான் மட்டையைத் தூக்கினாள்.

பட்டென்று கணுக்காலில் ஒரு கொத்து விழுந்தது.

அவள் கத்தவில்லை. மெதுவாகத் தரையில் உட்கார்ந்தாள். காலை நீட்டினாள். கால் வீங்குமுன் கொலுசைக் கழற்றி மடியில் போட்டுக்கொண்டாள்.

செங்கோடன் பார்த்துவிட்டார். மட்டைக்கு அடியிலிருந்து நெளிந்து போனது நாகமேதான்.

இத்தனை நாள் பழகிய கை. தடி தானாக மேலே போயிற்று. ஒரே பாய்ச்சலில் கல்லுக்கட்டு வேலிக்கு ஓடினார். அடித்த அடியில் கல்தான் தெறித்தது. பாம்பு இடுக்குக்குள் போய்விட்டது. தடியை வீசிவிட்டுக் கல்லைப் பிடுங்க ஆரம்பித்தார்.

"அய்யா."

இன்னொரு கல்.

"அய்யா, இங்க வாங்க."

"இருங்கம்மா! பார்த்துட்டேன், விடமாட்டேன்!"

சாலையில் பால் வண்டி ஹாரன் அடித்தது.

செங்கோடனின் கை நின்றது.

தூக்கிய கல் கையிலேயே இருந்தது. அதை எங்கே வைப்பது என்று அவருக்குத் தெரியவில்லை. இடுக்குக்குள் பாம்பின் முதுகு நன்றாகத் தெரிந்தது. கைக்கெட்டும் தூரம்தான். இவ்வளவு பக்கத்தில் அது ஒருநாளும் கிடைத்ததில்லை.

அவர் திரும்பினார்.

மடத்தம்மா உட்கார்ந்த இடத்திலேயே இருந்தாள். முகம் வெளுத்திருந்தது. பயம் அவளுக்கும் உண்டல்லவா, அது கண்ணில் தெரிந்தது.

"பாம்பு அதுபாட்டுக்குப் போகட்டும்," என்றாள். "நான் இங்க இருக்கேன்."

கல் கீழே விழுந்தது.

செங்கோடன் ஓடினார். பாம்பின் பக்கம் இல்லை, சாலைப் பக்கம். வேட்டி அவிழ்ந்ததுகூடத் தெரியாமல் ஓடினார். வண்டியின் முன்னால் போய்க் குறுக்கே நின்றார்.

டிரைவர் குமரேசன் இறங்கி ஓடிவந்தான். துண்டை எடுத்துக் காலில் இறுக்கிக் கட்டப் போனான்.

"கட்டாதே கண்ணு," என்றாள் அவள். "கீறவும் வேண்டாம். என்னை நடக்க வைக்காம, காலை ஆட்டாமத் தூக்குங்க. விசமுறிவு ஊசி இருக்கற பெரியாஸ்பத்திரிக்குப் போ."

பால் கேன்களுக்கு நடுவில் இடம் ஒதுக்கினார்கள். செங்கோடன் அவளை மடியில் சாய்த்துக்கொண்டார். வண்டி கிளம்பியது.

"நான் இடிச்ச புத்துலருந்து வந்ததுங்களாம்மா?"

"தட்டினேன்," என்றாள். "போறதுக்கு இடமில்லைபோல."

அவள் இமை லேசாகச் சரிந்தது. அவர் அவள் கையைப் பிடித்துக்கொண்டார். அது சில்லென்றிருந்தது.

"பேசிட்டே இருங்கம்மா. சத்தத்தை நிறுத்திராதீங்க."

"இருக்கேனுங்கய்யா."

"நேத்து எல்லாம் சொன்னேனே. அப்பவே உங்களுக்குத் தெரிஞ்சிருச்சு. இல்லீங்களா?"

அவள் அவர் விரலை லேசாக அழுத்தினாள்.

வண்டி மேடு பள்ளம் பார்க்காமல் பறந்தது. கண்ணாடியில் பின்னால் பார்த்தபடி குமரேசன் கேட்டான். யாரைப் பாம்பு கடித்தாலும் ஊரில் எல்லாரும் முதலில் கேட்கிற கேள்விதான்.

"பாம்பை அடிச்சுட்டீங்களாங்க?"

செங்கோடன் அவனைப் பார்த்தார். அவன் கேட்டது அவருக்கு விளங்காதது போல இருந்தது.

"அன்னைக்குப் பாவாயியும் இப்படித்தான் கூப்பிட்டாளே சாமி," என்றார்.