பூனை சொன்ன சாட்சி

பிரான்சு தேசத்தின் தெற்கே, கத்தார்கள் என்ற கிறிஸ்தவக் கூட்டத்தாரை மதத் துரோகிகள் என்று திருச்சபை தேடிப் பிடித்து எரித்துக்கொண்டிருந்த காலம். தறி நெய்து பிழைத்த பெய்ரொனா என்ற பெண்ணையும் இழுத்துவந்து கோயில் முற்றத்தில் நிறுத்தினார்கள். விசாரிக்க வந்த சாமியாருக்குத் தாம் படித்த லத்தீன்மேல் அபார நம்பிக்கை.

"கத்தார் என்ற பெயர் எப்படி வந்தது தெரியுமா? லத்தீனில் கத்துஸ் என்றால் பூனை. பூனையின் பின்புறத்தை முத்தமிடுகிற கூட்டம் நீங்கள். இல்லையென்றால் நிரூபி!"

"அந்தப் பெயர் நீங்கள் வைத்தது, சாமி. நாங்கள் எங்களை நல்ல கிறிஸ்தவர்கள் என்றுதான் சொல்லிக்கொள்வோம். செய்யாததை நான் எப்படி நிரூபிக்கிறது? கோயில் பூனையைக் கொண்டுவந்து விடுங்கள். பழகின ஆளிடம் அது தானாகப் போகும்."

விட்டார்கள். பூனை அவளை ஏறெடுத்தும் பார்க்கவில்லை. நேரே போய்ச் சாமியாரின் மடியில் ஏறி, அவர் தாடையில் முகத்தைத் தேய்த்தது. ஊரே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது.

சாமியாரின் முகம் கறுத்துவிட்டது. பக்கத்திலிருந்த சின்னச் சாமியார், "கத்தார் என்பது லத்தீன் இல்லை, கிரேக்கம். தூயவர்கள் என்று அர்த்தம்" என்று அவர் காதைக் கடித்தார்.

பெரியவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். "கேட்டீர்களா? இவள் தூயவளாம்! எவ்வளவு ஆணவம்! கொளுத்துங்கள்."

"நான் எங்கே சாமி அப்படிச் சொன்னேன்?" என்றாள் பெய்ரொனா.

மறுநாள் காலை ஊர்க்காரர்கள் ஆளுக்கொரு கட்டு விறகு கொண்டுவந்தார்கள். வராவிட்டால் அவர்களையும் கத்தார் என்று சொல்லிவிடுவார்களே! முதல் நாள் அதிகமாகச் சிரித்தவர்கள்தான் பெரிய கட்டாகக் கொண்டுவந்தார்கள்.