சாமியைச் சுமந்தவன்

முதுகில் தூக்கிக்கொண்டு மலையேறியவன் ஒருவன். பட்டம் கிடைத்தது இன்னொருவனுக்கு. உலகத்தில் இது புதிதில்லை. ஆனாலும் செவத்தையாவுக்கு வயிறு எரிந்தது.

பதினோரு வருஷமாக மடத்துத் தலைவரான சாமியைத் தினமும் முதுகில் சுமந்து எண்ணூறு படி ஏற்றியவன் அவன். நேற்றுச் சாமி, தனக்குப் பிறகு மடத்துப் பட்டம் அம்பலவாணனுக்கு என்று ஊரைக் கூட்டிச் சொல்லிவிட்டார். அம்பலவாணன் மடத்துக்கு வந்து முழுசாக மூன்று வருஷம் ஆகவில்லை.

இன்று காலையும் செவத்தையா சாமியைச் சுமந்து ஏறினான். உச்சிப்படியில் இறக்கி வைத்தான். வழக்கமாக விழுந்து கும்பிடுகிறவன், நின்றபடியே இருந்தான்.

"இதுதான் கடைசி, சாமி. நான் போறேன்."

"போறதுக்கு முன்னே கேட்க வேண்டியதைக் கேட்டுடு."

"இத்தனை வருஷம் சுமந்தேனே, எனக்கு என்ன கொடுத்தீங்க?"

சாமி அவன் கால்களைப் பார்த்தார்.

"முதல் நாள் எப்படி ஏறினே?"

"பத்து இடத்துல உட்கார்ந்தேன். நெஞ்சு வெடிச்சுடும்போல இருந்தது. மறுநாள் தொடை கடுத்து எழுந்திரிக்க முடியலை."

"அப்புறம்?"

"ஆறு மாசத்துல நாலு இடம். ரெண்டு வருஷத்துல எங்கேயும் உட்காரலை. இப்போ மூச்சுகூட வாங்குறதில்லை."

"மலை குட்டையாயிடுச்சா?"

"உடம்பு பழகிடுச்சு, சாமி. இதைத்தான் கொடுத்தேன்னு சொல்லப்போறீங்களா? பொதிமாட்டுக்கும் இதுதான் கிடைக்குது."

சாமி சிரித்தார். பிறகு வேட்டியைத் தொடைவரை ஒதுக்கினார்.

தினமும் கைகொடுத்துத் தாங்கிய கால்கள்தான். முகத்துக்கு நேரே வைத்துச் செவத்தையா பார்த்ததில்லை. கெண்டைக்கால் சதை வற்றித் தோல் தொங்கியது. முழங்கால் மட்டும் முடிச்சாகத் துருத்திக்கொண்டு நின்றது.

சாமி தூணைப் பிடித்து எழுந்தார். கையை விட்டார். கால்கள் வெடவெடவென்று நடுங்கின. அப்படியே சரிந்து உட்கார்ந்தார். தாங்கப்போன கைகளைச் செவத்தையா பாதியில் நிறுத்திக்கொண்டான்.

"நீங்க ஆட்டுக்கு முன்னாடி ஓடி ஏறினவராச்சே. இது எப்போ ஆச்சு?"

"நீ உட்காராம ஏறப் பழகினியே, அப்போ."

"பழியை என் மேல போடாதீங்க. உங்க காலில் முள் ஏறிச்சுன்னுதான் தூக்கினேன். பத்து நாளில் புண் ஆறிடுச்சு. இறங்கியிருக்கலாமே?"

"புண் ஆறினதும் இறக்கி விடுன்னேன். நீ அழுதே. சனங்க பார்க்கிறாங்க, இன்னைக்கு மட்டும்னு கெஞ்சினே."

"மறுநாள்?"

"மறுநாள் எனக்கே சுகமா இருந்தது."

செவத்தையா கீழே பார்த்தான். படிகள் வெயிலில் வெளுத்துக் கிடந்தன. சுமந்தவனைப் பார்க்கவென்று ஒரு காலத்தில் சனம் ஓரத்தில் நின்றது உண்மைதான். அதில் அவனுக்கு நெஞ்சு நிமிர்ந்ததும் உண்மைதான்.

"சரி, இப்போ எப்படி இறங்குவீங்க? ஏறுங்க. கீழே விட்டுட்டுப் போறேன்."

அவன் முதுகைக் காட்டிக் குனிந்தான். முதுகில் பாரம் ஏறவில்லை. திரும்பினான். சாமி உட்கார்ந்தபடியே கைகளை ஊன்றி அடுத்த படிக்கு நகர்ந்திருந்தார். அதற்கடுத்த படிக்கும் நகர்ந்தார். அதற்குள் முகமெல்லாம் வியர்த்துவிட்டது.

செவத்தையா அவர் பின்னாலேயே இறங்கினான். ஆனாலும் எரிச்சல் ஆறவில்லை.

"ஒண்ணு மட்டும் சொல்லுங்க. அம்பலவாணன் உங்களை ஒரு படியாவது தூக்கியிருக்கானா?"

"இல்லை. போன மாசம் நீ காய்ச்சலில் கிடந்தப்போ அவனைத் தூக்கச் சொன்னேன். மாட்டேன், நடங்கன்னான்."

"நடந்தீங்களா?"

சாமி இன்னொரு படி நகர்ந்து, மூச்சு வாங்கிக்கொண்டு நிமிர்ந்து பார்த்தார்.

"அவன் கையைப் பிடிச்சு ஏழு படி நடந்தேன். மறுநாள் உனக்குக் காய்ச்சல் விட்டுடுச்சு, வந்து முதுகைக் காட்டினே."