பின்னணிக் குரல்

ஐம்பத்திரண்டு வயதில் கல்லூரி வேலையை உதறிவிட்டுச் சினிமா எடுக்கப் போகிறேன் என்று கிளம்பினால் ஊர் என்ன சொல்லும்? திருவேங்கடத்துக்கு மறை கழண்டுவிட்டது என்றுதான் சொன்னது. சிறுகதை எழுதுகிறவர் என்று அதுவரை மதித்தவர்கள்கூட அப்படித்தான் பேசினார்கள்.

அவர் போய்ச் சேர்ந்த குரு ஜெசிந்தா. அவரைவிடப் பதினைந்து வயது இளையவள். நாலைந்து பேரை மட்டும் வைத்துக்கொண்டு படம் எடுப்பாள், நடுவில் நாவலும் எழுதுவாள்.

சேர்ந்த நாளிலிருந்து அவர் ஒரே கேள்வியைக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"மேடம், மனசுல ஒண்ணு தோணுது. அது கதையா, படமான்னு எப்படிக் கண்டுபிடிக்கிறீங்க?"

"டீ ஆறுது சார், குடிங்க" என்பாள். பதில் மட்டும் வராது.

இப்போது அவருடைய முதல் படம் முடிந்திருந்தது. அன்று சாயங்காலத்துக்குள் ஒரு திரைப்பட விழாவுக்கு அனுப்பியாக வேண்டும். தேர்வாகவில்லை என்றால் வீட்டில் முகம் காட்ட முடியாது. பயந்து போயிருந்தார்.

எடிட்டிங் அறையில் ஜெசிந்தா படத்தைப் பார்த்தாள். ஒரு காட்சியில் நிறுத்தினாள். கணவனை இழந்த பெண் மறுபடி வேலைக்கு வந்த முதல் நாள். மதியம், வேப்பமரத்தடியில் தனியாக டிபன் பாக்ஸைத் திறக்கிறாள். பக்கவாட்டில் திரும்புகிறாள். சாப்பிடாமல் மூடிவிடுகிறாள். பின்னணியில் திருவேங்கடத்தின் குரல்: 'பசிக்குக்கூட ஒரு துணை வேண்டியிருக்கிறது.'

"இந்தக் குரல் வேணுமா சார்?"

"என்ன மேடம் இப்படிக் கேட்டுட்டீங்க? அந்த வரிக்காகத்தான் இந்தப் படமே எடுத்தேன்."

"நல்ல வரிதான்" என்றாள். "ஷூட்டிங் அன்னிக்கு இதை முணுமுணுத்துக்கிட்டேதான நின்னீங்க?"

"ஆமா. வரி முடியற வரைக்கும் ஷாட் ஓடணுமே. முடிஞ்சதும் கட் சொன்னேன்."

ஷூட்டிங் நடந்த அன்று ஆள் பற்றாக்குறை. மைக்கைப் பிடித்து, ஹெட்போன் மாட்டிக்கொண்டு நின்றது ஜெசிந்தாதான்.

இப்போது அவள் கம்ப்யூட்டர் பக்கம் திரும்பினாள். அவர் குரல் இருந்த ட்ராக்கை அணைத்தாள். அடியில் அமுங்கிக் கிடந்த, ஷூட்டிங்கில் பதிவான ஸ்பாட் ஒலியை ஏற்றி, காட்சியை மறுபடி ஓட்டினாள்.

காற்று. எங்கோ ஒரு லாரி. மூடி திறக்கும் சத்தம். அந்தப் பெண் முகத்தைத் திருப்பினாள். பக்கத்து வெற்றிடத்தைப் பார்த்து, தினமும் கேட்கிற மாதிரி மெதுவாகக் கேட்டாள்.

"உப்பு போதுமா?"

கொஞ்ச நேரம் காத்திருந்தாள். பிறகு மூடியை மூடினாள்.

திருவேங்கடம் திரைக்குப் பக்கத்தில் குனிந்தார். எத்தனையோ முறை பார்த்த காட்சி. முகம் அந்தப் பக்கம் திரும்பியிருந்ததால் உதட்டசைவு கேமராவுக்குத் தெரியவில்லை, சரி. காதுக்குமா தெரியாமல் போயிற்று? தன்மேலேயே அவருக்குக் கோபம் வந்தது. கூடவே சின்னப் பையன் மாதிரி ஓர் ஆசையும் வந்தது, இன்னொரு முறை கேட்க வேண்டும் என்று.

"இன்னொரு தடவை போடுங்க மேடம்."

போட்டாள்.

"இது என் ஸ்கிரிப்ட்ல இல்லையே. யார் எழுதினது?"

ஜெசிந்தா மேஜைமேல் இருந்த ஹெட்போனை அவர் பக்கம் நகர்த்தினாள்.

"யாரும் எழுதல சார். நீங்க உங்க வரியை முணுமுணுத்துக்கிட்டு இருந்தப்ப அந்தம்மா கேட்டது."