முதலில் சாகிறவன்

தூத்துக்குடியில் ஒரு புரோட்டாக் கடைக்கு மேலே, மாடியில், பெனிட்டாவின் கேமிங் சென்டர் இருந்தது. பத்துக் கம்ப்யூட்டர். ஓடுவது ஏழு. சுவரெல்லாம் மழை ஈரம். ஜன்னலைத் திறந்தால் சால்னா வாசம் வரும். மூடினால் செருப்பு வாசம் வரும். அவளிடம் ஆட்டம் பழகும் சீடர்கள் திறந்தே வைத்திருந்தார்கள்.

பெனிட்டா ஒரு காலத்தில் சென்னையில் பெரிய அணி ஒன்றுக்காகத் துப்பாக்கி ஆட்டம் ஆடியவள். மணிக்கட்டு போய்விட்டது. ஊருக்குத் திரும்பி, மற்றவர்கள் ஆடுவதைப் பார்த்துச் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தாள். வயது இருபத்திரண்டு. கற்றுக்கொள்ள வந்தவர்கள் எல்லோரும் அவளுக்கு மூத்தவர்கள். அவர்கள் அவளை மாஸ்டர் என்பார்கள். அவள் அவர்களை அண்ணே என்பாள். மாடியில் யாராவது உரக்க “மாஸ்டர்!” என்று கூப்பிட்டால், கீழே புரோட்டாக் கல்லுக்கு முன்னால் நிற்கும் மாஸ்டரும் “எத்தனை செட்டு?” என்று கேட்பார்.

அடைமழை பிடித்த ஒரு மத்தியானம் ரெக்சன் படியேறி வந்தான். தலையைக்கூடத் துவட்டவில்லை.

“மாஸ்டர், ஒரு கேள்வி.”

“கேளுங்கண்ணே.”

“தெனமும் என் ஆட்டத்தை ரெக்கார்ட் பண்ணுதேன். தெனமும் போட்டுப் பாக்கேன். நம்ம டீம்ல வேற எவனும் இவ்வளவு பாக்க மாட்டான். அப்புறமும் ஏன் தேற மாட்டேங்கேன்?”

“திரும்பவும் தோத்தாச்சா?”

“ஆமா.”

“இசக்கி அண்ணன் போனதுக்கு அப்புறமுமா?”

ரெக்சன் ஈரச் சட்டையை உதறினான். “அதான் மாஸ்டர் புரியல.”

ரெக்சனும் இசக்கிதுரையும் ஒரே அணி. ஐந்து பேர் ஐந்து பேரோடு மோதும் ஆட்டம். ஒரு சுற்றுக்கு ஓர் உயிர்தான். செத்தவன் அந்தச் சுற்று முடியும்வரை நாற்காலியில் சும்மா உட்கார்ந்திருக்க வேண்டும். இருவரும் பள்ளிக்கூட நாளிலிருந்தே பக்கத்துப் பக்கத்து நாற்காலிக்காரர்கள். அணி தோற்கத் தொடங்கியபோது, யாரால் என்ற பேச்சு வந்தது. ரெக்சன் தன் பதிவுகளைக் கேப்டன் சுலைமானுக்கு ஒவ்வொன்றாகப் போட்டுக் காட்டினான். எல்லாவற்றிலும் இசக்கி முதலில் செத்துக் கிடந்தான். சுலைமான் இசக்கியை நீக்கினான். இசக்கி சண்டை போடவில்லை. ஹெட்செட்டைக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டு இறங்கிப் போனான். இப்போது துறைமுகத்துப் பக்கம் ஒரு கன்டெய்னர் யார்டில் வேலை பார்க்கிறான்.

“ஒண்ணு போடுங்கண்ணே, பாப்போம்” என்றாள் பெனிட்டா.

ரெக்சன் ஒன்றைப் போட்டான். ஒரு சந்து. நடுவில் ஆட்டத்து இசக்கியின் உருவம் விழுந்து கிடந்தது. ரெக்சன் தனியாக முன்னேறினான். எதிரில் இருவர் வந்தார்கள். ஒருவனைச் சாய்த்தான். அடுத்தவன் இவனைச் சாய்த்தான். திரை கறுத்தது.

“பாத்தீங்களா? ஒத்தையா நிக்கேன்.”

“இன்னொண்ணு.”

இந்த முறை ஒரு மாடிப்படி. படியில் இசக்கி கிடந்தான். ரெக்சன் தனியாக ஏறினான். செத்தான்.

“இது போன வாரம் ஆடினது மாஸ்டர். இசக்கி எடத்துல மாதேஷ்.”

ஒரு கிடங்கு. வாசலில் மாதேஷ் கிடந்தான். ரெக்சன் தனியாக உள்ளே போனான்.

“இவனும் அவனை மாதிரியே தொலஞ்சு போறான். எனக்குன்னு வந்து வாய்க்கானுவ பாருங்க” என்றான் ரெக்சன்.

பெனிட்டா திரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“எல்லாம் ஏன் இவ்வளவு குட்டியா இருக்கு?”

“செத்த உடனே ஒரு பட்டனை அமுக்குவேன். அதுக்கு முந்தின அரை நிமிஷத்தை மிஷினே எடுத்து வச்சிரும். முழுசும் வச்சா எடத்தை அடைக்கும்லா? நமக்கு வேண்டியது எப்பிடிச் செத்தோம்ங்கிறதுதானே.”

பெனிட்டா அவன் கீபோர்டை இழுத்தாள். அந்தப் பட்டனின் அடியில் நகத்தை விட்டு நெம்பினாள். பட்டன் கையோடு வந்தது. எடுத்துக்கொண்டு தன் இடத்துக்குப் போய்விட்டாள்.

“மாஸ்டர்! அது இல்லாம எப்பிடி?”

“இன்னைக்கு முழுசா ஓடட்டும்ண்ணே. குரலோட. எல்லாத்தையும் எடுங்க.”

அன்று மாலை ஒரு மதுரை அணியோடு ஆடினார்கள். தோற்றார்கள். மற்றவர்கள் “போச்சா, சரி, ரெண்டு கொத்து சொல்லு” என்று கீழே இறங்கினார்கள். ரெக்சன் மட்டும் உட்கார்ந்து பதிவை முதலிலிருந்து ஓட்டினான். பெனிட்டா பின்னால் நின்றாள்.

ஹெட்செட்டில் கேட்ட ரெக்சனின் குரல் இப்போது ஸ்பீக்கரில் வந்தது.

“மாதேஷ், நீ போ. பின்னாலயே வாரேன்.”

மாதேஷ் போனான்.

திரையில் ஒரு சுவர் தெரிந்தது. சுண்ணாம்பு உதிர்ந்த சுவர். அது நகரவில்லை.

“போ, போ, இருக்கேன். பின்னாலதான் இருக்கேன்.”

சுவர் அப்படியே நின்றது.

துப்பாக்கிச் சத்தம் கேட்டது. மாதேஷ் விழுந்தான். எங்கேயிருந்து சுட்டார்கள் என்று தெரிந்துவிட்டது. அதற்கப்புறம்தான் ரெக்சன் சுவரை விட்டு வெளியே வந்தான். கிடந்த மாதேஷைத் தாண்டித் தனியாக முன்னேறினான்.

“அந்தப் பட்டன் எடுக்குத அரை நிமிஷம் இங்கருந்துதான் ஆரம்பிக்கும்” என்றான் ரெக்சன். குரல் இறங்கியிருந்தது.

“ஓட்டுங்கண்ணே” என்றாள் பெனிட்டா.

அடுத்த சுற்று. “நீ போ, பின்னாலயே வாரேன்.” இந்தத் தடவை சுவருக்குப் பதில் ஒரு தூண். அதற்கடுத்த சுற்றில் பழைய லாரி.

“வேணும்னு பண்ணல மாஸ்டர்.”

“ம்.”

“போயிட்டிருக்கேன்னுதான் நெனச்சேன். சத்தியமா.”

“ம்.”

ஆடிய ஆட்டங்களை முழுதாகவே கொஞ்ச காலம் அந்த கேம் சேர்த்து வைத்திருக்கும். நீளம் என்று யாரும் அவற்றைத் திறப்பதில்லை. ரெக்சன் திறந்தான். இசக்கி இருந்த காலத்து ஆட்டங்கள். குரல் இல்லை. மேலிருந்து பார்ப்பதுபோல எல்லோரும் தெரிந்தார்கள். இசக்கி சந்துக்குள் போனான். ரெக்சன் சுவருக்குப் பின்னால் நின்றான். இசக்கி செத்தான். இன்னொரு ஆட்டத்தில் இசக்கி பாதி வழியில் நின்றான். திரும்பிப் பார்த்தான். பின்னால் யாரும் இல்லை. கொஞ்ச நேரம் அப்படியே நின்றுவிட்டுத் தனியாகப் போனான்.

ரெக்சன் அந்த இடத்தில் நிறுத்தினான். கீழே கொத்துப் புரோட்டா கொத்தும் சத்தம் தடதடவென்று கேட்டது. எழுந்து ஜன்னலை மூடினான்.

மறுநாள் சுலைமானுக்கு எல்லாவற்றையும் போட்டுக் காட்டினான். சுலைமான் மூக்கைச் சொறிந்துகொண்டு பார்த்தான்.

“ஏலே, அன்னைக்கு நீதான ஒரு படம் ஓட்டின? இப்ப நீயே வந்து வேற படம் ஓட்டுத.”

“தப்புதான் மாப்ள.”

“தப்புன்னா? அவனைப் போடான்னு சொன்ன வாயி என் வாயி. எனக்கு எப்பிடி இருக்கும்?”

ரெக்சன் தலையைக் குனிந்துகொண்டான்.

“சனிக்கிழமை மத்தியானத்துக்குள்ள சென்னை மேட்சுக்குப் பேர் குடுக்கணும். அவன் வந்தா அவன் பேரைக் குடுக்கேன். வரலைன்னா ஒருத்தனும் போக வேண்டாம். மாதேஷை வச்சுத் தோக்குறதுக்கு அவ்வளவு தூரம் எதுக்குலே? இங்கயே தோக்கலாம்.”

ரெக்சன் பெனிட்டாவிடம் வந்தான்.

“இசக்கிகிட்ட எப்பிடிச் சொல்லட்டும் மாஸ்டர்?”

“வாயால.”

“தப்பா ஏதாச்சும் பேசிட்டேன்னா?”

“திட்டுவாங்க. வாங்கிக்கோங்க.”

ரெக்சன் போனான்.

சனிக்கிழமை காலையில் திரும்பி வந்தான். மழை விட்டிருந்தது. படிக்கட்டில் தண்ணீர் தேங்கி நின்றது. கண் சிவந்திருந்தது. தூங்கியவன் முகம் இல்லை.

“வர மாட்டேன்னுட்டான்.”

“என்ன சொன்னீங்க?”

“எல்லாத்தையும் சொன்னேன். ஒண்ணையும் மறைக்கல. எங்கயோ ஒரு எடத்துல சொதப்பியிருக்கேன். அது எங்கன்னுதான் தெரியல.” போனை எடுத்து நீட்டினான். “இதுல இருக்கு. நீங்க பாத்துச் சொல்லுங்க. மத்தியானத்துக்குள்ள இன்னொரு வாட்டி போய்ப் பேசுதேன்.”

பெனிட்டா போனை வாங்கவில்லை.

“எப்பிடி எடுத்தீங்க?”

“சட்டைப் பையில வச்சுத்தான். கேமரா மட்டும் வெளிய தெரியுற மாதிரி.”

“எதுக்குண்ணே?”

“எல்லாத்தையும் முழுசா எடுங்கன்னு நீங்கதான சொன்னீங்க?”

பெனிட்டா அந்தப் போனைப் பார்த்தாள். பிறகு, “சொன்னேன்” என்றாள். கையை நீட்டினாள்.

படம் ஆடிக்கொண்டே வந்தது. யார்டு வாசல். தகரக் கொட்டகை. மழைக்கோட்டோடு இசக்கி வெளியே வந்தான். ஆளைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது. மலர்ந்ததை உடனே அடக்கிக்கொண்டான்.

“வாலே. கோழி மாதிரி நனஞ்சிட்டு வந்திருக்க. டீ சொல்லவா?”

“வேண்டாம். உன்கிட்ட ஒண்ணு சொல்லணும்.”

“சொல்லு.”

ரெக்சனின் குரல் சொன்னது. “நான் சுலைமானுக்குக் காட்டினது பாதிதான்லே. பின்னால வாரேன்னு உன்னைய அனுப்பிட்டு, நான் சுவத்துக்குப் பின்னால நின்னிருக்கேன். எல்லா வாட்டியும். நீ செத்தப்புறம்தான் வெளிய வந்திருக்கேன். முழுசா போட்டுப் பாத்தேன். உன் மேல தப்பே இல்ல. சுலைமான்கிட்டயும் சொல்லிட்டேன். நீ திரும்பி வரணும்.”

ஒரு லாரி கடந்து போனது. அது போகும்வரை இசக்கி காத்திருந்தான்.

“தெரியும்லே.”

“என்னத்த?”

“நீ நின்னது. செத்தவனுக்கு வேற என்ன சோலி? செத்த உடனே எனக்கு உன் ஸ்கிரீன்தான தெரியும். பாத்தா சுவரு. வெறும் சுவரு. அதையே பாத்துக்கிட்டு உக்காந்திருப்பேன்.” சிரித்தான். சிரிப்பு சீக்கிரம் முடிந்துவிட்டது.

“அப்பவே ஏம்லே சொல்லல?”

இசக்கி மழைக்கோட்டின் தொப்பியைப் பின்னால் தள்ளினான். ஓரடி கிட்ட வந்தான்.

“அது வந்து மக்கா…”

நின்றான்.

“ஒண்ணுமில்ல. நம்ம டீம் நல்லா ஆடணும். ஜெயிச்சு வரணும். எல்லாருக்கும் என்னோட வாழ்த்துக்கள். எனக்கு லீவு கிடைக்காது.”

தொப்பியை மாட்டிக்கொண்டான். படத்தில் சகதி வந்தது. நடக்கும் கால் வந்தது. முடிந்தது.

“கேட்டீங்களா மாஸ்டர்? நல்லாத்தான் பேசினான். வாழ்த்தக்கூடச் செஞ்சான். ஆனா வர மாட்டேங்கான்.” ரெக்சன் நாற்காலியைக் கிட்டே இழுத்துப்போட்டான். “ராத்திரி பூரா பாத்தேன். ‘சுவத்துக்குப் பின்னால’ன்னு சொல்லுத எடத்துல என் குரல் ஒடையுது. அங்க கொஞ்சம் நிதானமா சொல்லியிருக்கணுமோ? இல்ல, சுலைமான் பேரை முதல்லயே எடுத்திருக்கணுமோ?”

“ராத்திரி பூரா யாரைப் பாத்தீங்க?”

“இதைத்தான்.”

“யாரைண்ணே?”

ரெக்சன் யோசித்தான். “என் குரலைத்தான் கேட்டேன்.”

பெனிட்டா சத்தத்தைச் சுத்தமாகக் குறைத்தாள். போனை அவன் பக்கம் திருப்பி வைத்து, முதலிலிருந்து ஓட்டினாள்.

சத்தம் இல்லாமல் இசக்கி வெளியே வந்தான். முகம் மலர்ந்தது. அடங்கியது. டீ வேண்டுமா என்று கையால் காட்டினான். பிறகு வெகுநேரம் கேட்டுக்கொண்டே நின்றான். கேட்கக் கேட்கத் தோள் இறங்கியது. பாரத்தை இறக்கி வைக்கிறவன்போல மூச்சு விட்டான். சிரித்தான். தொப்பியைத் தள்ளினான். கிட்ட வந்தான். கண்ணில் ஈரம் இருந்தது. வாய் திறந்தது.

கண்கள் கீழே இறங்கின. சட்டைப் பைக்கு.

திரையிலிருந்து இசக்கி நேராக இவர்கள் இருவரையும் பார்த்தான்.

திறந்த வாய் அப்படியே இருந்தது. பிறகு மூடியது. மறுபடி திறந்தபோது, ஆதார் கார்டுக்குப் படம் எடுக்க உட்கார்ந்தவனின் முகமாக இருந்தது அது.

பெனிட்டா அந்த இடத்துக்குப் பின்னால் போய், கண்கள் இறங்குவதற்குச் சற்று முன்னால் நிறுத்தினாள்.

ரெக்சன் பார்த்துக்கொண்டே இருந்தான். போன் அதிர்ந்தது. இசக்கியின் முகத்துக்கு மேலே சுலைமானின் பெயர் வந்தது. ரெக்சன் எடுக்கவில்லை. அடித்து ஓய்ந்தது. பெயர் போய் முகம் மட்டும் நின்றது.

“அவன் என்ன சொல்ல வந்தான் மாஸ்டர்?”

“தெரியாதுண்ணே. அது உங்ககிட்ட மட்டும் சொல்ல வந்தது.”